தொடக்க விழாவைக் குளிரில் நிற்கப்போகிறவர்களை வைத்துத் திட்டமிடுங்கள்: பிரெஞ்சு ஆல்ப்ஸ் 2030 அமைப்புக் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், தொடக்க விழாவின் பொறுப்பை ஏற்கவிருக்கும் அனைவருக்கும்,

வணக்கம்.

2030 பிப்ரவரி 1ஆம் தேதி பிரெஞ்சு ஆல்ப்ஸ் மலைப்பகுதியில் குளிர்கால ஒலிம்பிக் போட்டிகள் தொடங்கவிருக்கின்றன. 1924இல் ஷாமொனி, 1968இல் கிரெனோபிள், 1992இல் ஆல்பர்வில் என மூன்று முறை உலகத்தை வரவேற்ற மலைகள் இவை. நான்காம் முறை அந்த வரவேற்பு எப்படி அமைய வேண்டும் என்பதைப் பற்றி, இசேர் பள்ளத்தாக்கில் குடியேறி வாழும் ஒரு தமிழனாகவும், வட்டார அளவிலான பனிச்சறுக்குப் போட்டிகளில் தன்னார்வலராகப் பணி செய்துவருபவனாகவும் இந்த மடலை எழுதுகிறேன். இதன் பிரெஞ்சு வடிவம் உங்கள் அலுவலகத்துக்குத் தபாலில் வருகிறது. தமிழில் வெளியிடுவதற்குக் காரணம், இந்த விழாவைத் தொலைக்காட்சியில் பார்க்கப்போகும் கோடிக்கணக்கானவர்களில் தமிழ் வாசகர்களும் இருக்கிறார்கள் என்பதும், அவர்கள் சார்பாகவும் ஒரு வேண்டுகோள் இதில் உண்டு என்பதும்தான்.

என் வேண்டுகோள் அடிப்படையில் ஒன்றே. விழாவின் நேரம், இடம், நீளம், நிகழ்ச்சிகளின் வரிசை ஆகிய அனைத்தையும், அன்று திறந்த வெளியில் குளிரில் நிற்கப்போகிற மனிதர்களின் உடலை முதல் அளவுகோலாகக் கொண்டு முடிவு செய்யுங்கள். படப்பிடிப்பு வசதியும் மேடைக் காட்சியின் பிரமாண்டமும் அதற்கு அடுத்த இடத்தில் இருக்கட்டும். கோடைக்கால ஒலிம்பிக்கின் தொடக்க விழாவைப் பார்த்து அதையே பனியில் நடத்த முயல்வதுதான் பல குளிர்கால விழாக்களின் அடிப்படைக் குறை என்பது என் கருத்து. 2024 ஜூலை 26 அன்று பாரிஸில் சேன் நதியின் மேல் படகுகளில் வந்த வீரர்கள் மணிக்கணக்கில் மழையில் நனைந்தார்கள். ஆனாலும் அது ஜூலை மாதம். ஆல்ப்ஸ் மலையின் பிப்ரவரி இரவில் அதே அளவு நேரம் நனைந்து நிற்பது உடல்நலத்துக்கே ஆபத்து.

முதன்முதலில் இதை எவ்வளவு எளிமையாகச் செய்தார்கள் என்பதை நினைவூட்ட விரும்புகிறேன். 1924 ஜனவரி 25 அன்று ஷாமொனியில் பதினாறு நாடுகளின் வீரர்கள் பனிச்சறுக்குக் கட்டைகளைத் தோளில் சுமந்தபடி ஊருக்குள் நடந்து மைதானத்தை அடைந்தார்கள். பிரெஞ்சு வீரர் கமில் மாந்திரியோன் அனைவர் சார்பிலும் உறுதிமொழி கூறினார், போட்டிகள் தொடங்கின. அப்போது அதற்கு 'சர்வதேசக் குளிர்கால விளையாட்டு வாரம்' என்றுதான் பெயர். முதல் குளிர்கால ஒலிம்பிக் என்ற தகுதி பிற்பாடு வழங்கப்பட்டது. அந்த எளிமைக்கே திரும்பிப் போங்கள் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அந்த விழாவில் மையம் யார் என்பதில் யாருக்கும் ஐயம் இருந்திருக்க முடியாது: தோளில் கட்டையோடு நடந்தவர்தான் விழா.

தொலைக்காட்சி வந்த பிறகு இந்த மையம் மெல்ல நகர்ந்தது. குளிர்கால ஒலிம்பிக் முதன்முதலாகத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது 1956இல், இத்தாலியின் கோர்த்தினா தாம்பெத்சோவில். அந்த முதல் ஒளிபரப்பிலேயே, ஒலிம்பிக் சுடரை ஏந்திப் பனித்தளத்தில் சறுக்கி வந்த குயிடோ கரோலி, தரையில் கிடந்த தொலைக்காட்சி கேபிளில் தடுக்கி விழுந்தார். சுடர் அணையாமல் காத்து அவரே எழுந்து சென்று சுடர்க் கொப்பரையை ஏற்றினார் என்பது ஆறுதல். வீரர் செல்லும் பாதையின் குறுக்கே கேமராவின் கம்பி கிடந்த அந்தக் காட்சி, அதன் பிறகு நடந்த பல விழாக்களின் திட்டமிடலிலும் வேறு வேறு வடிவங்களில் தொடர்ந்திருக்கிறது.

அதே தொழில்நுட்பத்தை மனிதனுக்கு அருகில் கொண்டுவந்த பெருமையும் உங்கள் நாட்டுக்கே உண்டு. 1968 பிப்ரவரி 6 அன்று கிரெனோபிளில், பனிச்சறுக்கு நடன வீரர் அலேன் கல்மா சுடரேந்தி நெடும்படிகளில் ஏறியபோது, அவருடைய இதயத் துடிப்பை ஒலிவாங்கி மூலம் மைதானம் முழுவதும் கேட்கச் செய்தார்கள். ஒரு மனித உடல் படியேறும்போது என்ன பாடுபடுகிறது என்பதை அத்தனை ஆயிரம் பேரும் காதால் கேட்டார்கள். 1992இல் ஆல்பர்வில்லில் நடன அமைப்பாளர் பிலிப் டெகூஃப்ளே அமைத்த விழா இன்றும் பேசப்படுகிறது. ஆயினும் அதில் பலருடைய மனத்தில் நிற்பது, இசைக்கருவி எதுவும் இல்லாமல் தனிக்குரலில் பிரான்ஸின் தேசிய கீதத்தைப் பாடிய பத்து வயதுச் சிறுமிதான். இந்த இரண்டுக்கும் பெரிய செலவு தேவைப்பட்டிருக்காது. உங்கள் விழாக் குழுவினர் வெளிநாட்டு முன்மாதிரிகளைத் தேடிப் போவதற்கு முன்பு இந்த இரண்டையும் ஒருமுறை பார்க்க வேண்டும்.

இனி, குளிரில் நிற்பது என்றால் என்ன என்பதைச் சற்று விரிவாகச் சொல்ல அனுமதியுங்கள். ஏனென்றால் சூடான அறையில் உட்கார்ந்து நிமிடக் கணக்கில் நிகழ்ச்சி நிரல் தயாரிக்கும்போது எளிதில் மறந்துபோவது இதுதான். நான் பணி செய்த ஒரு சிறுவர் போட்டியின் தொடக்க நிகழ்ச்சியில் (ஊர் பெயர் வேண்டாம்) பந்தய உடை மட்டும் அணிந்த பிள்ளைகளை முதலில் வரிசையில் நிறுத்திவிட்டு, பிறகு விருந்தினர்களின் உரைகளைத் தொடங்கினார்கள். பந்தய உடை என்பது காற்றைக் கிழித்துச் செல்வதற்காகத் தோலோடு ஒட்டித் தைக்கப்படும் மெல்லிய துணி. நின்றுகொண்டிருப்பவருக்கு அது எந்த வெப்பத்தையும் காத்துத் தராது. இரண்டாவது உரை முடிவதற்குள் பிள்ளைகள் ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு மாறி மாறி நிற்கத் தொடங்கினார்கள். பெற்றோர்கள் தடுப்புக் கயிற்றைத் தாண்டி வந்து தங்கள் மேலங்கியின் இழுவையைத் திறந்து பிள்ளைகளை உள்ளே இழுத்து அணைத்துக்கொண்டார்கள். கொடி பிடித்திருந்த சிறுமியின் கையுறை மெல்லியது. உலோகக் கம்பத்தின் குளிர் அதைத் தாண்டி ஏறியதால் அவள் கொடியை முழங்கை மடிப்பில் சாய்த்துக்கொண்டாள். அதைச் சரியாகப் பிடிக்கும்படி ஒருவர் வந்து சொல்லிவிட்டுப் போனார். உரைகள் தொடர்ந்தன. அங்கே கெட்ட எண்ணம் கொண்டவர் எவரும் இல்லை. நிகழ்ச்சி நிரலை எழுதியவர் மேடையை மனத்தில் வைத்து எழுதியிருந்தார், அவ்வளவுதான்.

ஒலிம்பிக் அளவில் இந்தச் சிக்கல் இன்னும் பெரிது. அணிவகுப்பில் நடப்பது சில நிமிடங்கள்தான். ஆனால் அதற்காகப் பேருந்தில் ஏறி, சோதனைகளைக் கடந்து, நாடுகளின் வரிசைப்படி காத்திருப்பு வளாகத்தில் நிற்பதற்குப் பல மணி நேரம் ஆகிறது. கிரேக்கம் முதலில் வரும். மற்றவை போட்டியை நடத்தும் நாட்டின் மொழி அகரவரிசையில் வரும். நடத்தும் நாடு கடைசியில் வரும். அதற்குச் சற்று முன்னால், அடுத்த போட்டிகளை நடத்தும் நாடு வருவது இப்போது வழக்கம். அப்படியானால் 2030இல் கடைசியில் காத்திருப்பவர்கள் 2034 போட்டிகளை நடத்தும் அமெரிக்காவின் அணியும் உங்கள் சொந்த அணியும்தான். மறுநாள் காலையில் மலைச்சரிவில் மணிக்கு நூறு கிலோமீட்டருக்கு மேல் இறங்க வேண்டியவர், முந்தைய இரவு நள்ளிரவு வரை தன் கால்களை உறைய விட மாட்டார். அதனால்தான் பதக்க வாய்ப்புள்ள பலர் தொடக்க விழாவுக்கே வராமல் தங்கிவிடுகிறார்கள். வாழ்நாளில் ஒருமுறையோ இருமுறையோ கிடைக்கும் இந்த வாய்ப்பை ஒரு வீரர் தானே விட்டுவிட நேரும் வகையில் விழாவைத் திட்டமிடுவது நியாயமாகாது. எங்கள் ஊர்களில் தேர் இழுக்கும்போது, வடம் பிடிப்பவர்களின் மூச்சைப் பார்த்துத்தான் தேரை நிறுத்துவதும் நகர்த்துவதும் நடக்கும்; தேரின் அலங்காரம் எவ்வளவு பெரிதாக இருந்தாலும் அந்தக் கணக்கு மாறாது.

ஆகவே என் முதல் பரிந்துரை நேரம் பற்றியது: விழாவைப் பிற்பகல் மூன்று மணியளவில் தொடங்குங்கள். சோச்சி, பியோங்சாங், பெய்ஜிங், மிலான் என்று அண்மைக்கால விழாக்கள் இரவு எட்டு மணியை ஒட்டியே தொடங்கியிருக்கின்றன. ஆனால் அது மாற்ற முடியாத விதி அல்ல. 1998இல் நாகானோவின் விழா காலை பதினோரு மணிக்குத் தொடங்கியது. 1994இல் லில்லஹாமரின் விழா மாலை நான்கு மணிக்குத் தொடங்கி, வெளிச்சத்திலிருந்து அந்திக்குள் நுழைந்தது. பிப்ரவரித் தொடக்கத்தில் உங்கள் பகுதியில் மாலை ஐந்தரை மணிக்கு மேல்தான் சூரியன் மறையும். பள்ளத்தாக்குகளில் அதற்கு முன்பே மலைமுகட்டின் நிழல் விழுந்துவிடும். நிழல் விழுந்த அடுத்த சில நிமிடங்களில் குளிர் எப்படித் தாக்கும் என்பது இங்கே வாழும் எவருக்கும் தெரியும். பிற்பகலில் தொடங்கினால் வீரர்கள் வெயில் இருக்கும்போதே நடந்து முடித்துவிடலாம். இன்னொன்றையும் யோசித்துப் பாருங்கள்: ஆல்ப்ஸ் மலையில் விழா நடத்திவிட்டு அந்த மலையையே இருட்டில் மறைத்து, அதன் படத்தை ஒளித்திரையில் காட்டுவதில் என்ன பொருள் இருக்கிறது?

ஒளிபரப்பு நிறுவனங்கள் இதை எதிர்க்கும் என்பது எனக்குத் தெரியும். அவர்கள் கட்டும் தொகையில்தான் போட்டிகளின் பெரும்பகுதி நடக்கிறது என்பதையும் மறுக்கவில்லை. ஆனால் ஐரோப்பாவின் இரவு எட்டு மணி, உலகத்தின் பாதிக்கு உறங்கும் நேரம். பிரான்ஸில் இரவு எட்டு மணி என்றால் சென்னையிலும் யாழ்ப்பாணத்திலும் நள்ளிரவு பன்னிரண்டரை. பிற்பகல் மூன்று மணி என்றால் அங்கே இரவு ஏழரை. பிள்ளைகள் பாடம் முடித்து உணவுக்கு உட்காரும் நேரம். சிங்கப்பூரிலும் கோலாலம்பூரிலும் இரவு பத்து மணி. வாழ்க்கையில் பனியையே தொட்டிராத ஒரு பிள்ளை, தன் நாட்டின் கொடி பனியின் மேல் போவதைப் பார்க்கும் வாய்ப்பு இந்த ஐந்து மணி நேர மாற்றத்தில் இருக்கிறது. 2030 பிப்ரவரி 1 வெள்ளிக்கிழமை; வேலை நாள். அன்று பிற்பகல் மலைப் பகுதிப் பள்ளிகளுக்கு விடுமுறை தருவது பெரிய காரியம் அல்ல.

அடுத்தது வரிசை. அணிவகுப்பை விழாவின் தொடக்கத்திலேயே வையுங்கள். ஆடலும் ஒளியும் முடியும்வரை அணிகளைக் காத்திருக்க வைக்காமல், முதலில் அவர்களை வரவேற்று, காற்றுத் தடுப்பும் சூடும் உள்ள இருக்கைகளில் அமரவைத்துவிட்டால், எஞ்சிய விழாவை அவர்களும் பார்வையாளர்களாகப் பார்க்கலாம். வேண்டியவர்கள் அமைதியாக எழுந்து போகலாம். நாட்டுத் தலைவர் போட்டிகளைத் தொடங்கிவைக்கும் வாசகம் ஒரே ஒரு வாக்கியம்தான் என்று ஒலிம்பிக் சாசனம் நிர்ணயித்திருக்கிறது. அந்தக் கட்டுப்பாட்டின் உணர்வு மற்ற உரைகளுக்கும் வர வேண்டும்.

இடத்தைப் பொறுத்தவரை, 2026இல் மிலான்-கோர்த்தினா காட்டிய வழி எனக்குச் சரியாகப் படுகிறது. பிரதான விழா மிலானின் சான் சீரோ மைதானத்தில் நடந்தாலும், மலை ஊர்களில் தங்கியிருந்த வீரர்கள் தாங்கள் போட்டியிடும் இடத்துக்கு அருகிலேயே அணிவகுத்தார்கள். கொப்பரையும் மிலானில் ஒன்று, கோர்த்தினாவில் ஒன்று என இரண்டு ஏற்றப்பட்டன. உங்கள் போட்டி இடங்களும் பரந்து கிடப்பவை. பிரதான விழா எந்த ஊரில் நடந்தாலும், ஓட்-சவ்வாவிலோ பிரியான்சோனிலோ தங்கியிருப்பவரை மலைப்பாதையில் மணிக்கணக்கில் பேருந்தில் அழைத்து வந்து நள்ளிரவில் திருப்பி அனுப்பாதீர்கள். ஆனால் மலை ஊர் அணிவகுப்பு மாற்றாந்தாய்ப் பிள்ளையாக நடத்தப்படக் கூடாது. அங்கும் முழுமையான மேடை, அறிவிப்பாளர், இசை, மக்கள் கூட்டம் இருக்க வேண்டும். திரையில் அவர்களுக்குக் கிடைக்கும் நேரமும் பிரதான மைதானத்துக்குச் சமமாக இருக்க வேண்டும்.

நேரச் சமத்துவம் என்று சொல்லும்போது எனக்கு மிகவும் முக்கியமாகப் படும் விஷயத்துக்கு வருகிறேன். நூறு, இருநூறு வீரர்களோடு வரும் நாடுகள் நடந்து கடக்கவே சில நிமிடங்கள் ஆகும். ஒரே ஒரு வீரரோடு வரும் நாடு சில நொடிகளில் கடந்துவிடும். அந்த நொடிகளில் கேமரா அரங்கத்தின் மேலிருந்து படம் பிடித்துக்கொண்டிருந்தால், அல்லது ஒளிபரப்பில் விளம்பரம் ஓடினால், அந்த நாட்டுக்கு விழா என்பதே இல்லாமல் போகிறது. இந்தியாவின் குளிர்கால ஒலிம்பிக் வரலாறு பெரும்பாலும் இத்தகைய தனிமனிதர்களின் வரலாறுதான். 1964இல் இன்ஸ்புரூக்கிலும், 1968இல் உங்கள் கிரெனோபிளிலும் இந்தியாவின் சார்பில் பங்கேற்ற ஒரே வீரர் ஜெரமி புஜகோவ்ஸ்கி. 1998இல் நாகானோவுக்கு லூஜ் (பனித்தடத்தில் சறுக்குவண்டியில் படுத்தபடி இறங்கும் பந்தயம்) போட்டிக்காகத் தனியாக வந்த ஷிவ கேசவனுக்கு அப்போது பதினாறு வயது. ஆறு ஒலிம்பிக் போட்டிகளில் பங்கேற்ற அவர், 2014இல் சோச்சியில் தன் நாட்டுக் கொடியை ஏந்த முடியவில்லை. இந்திய ஒலிம்பிக் சங்கம் 2012 டிசம்பரிலிருந்து இடைநீக்கத்தில் இருந்ததால், இந்திய வீரர்கள் ஒலிம்பிக் கொடியின் கீழ்தான் பங்கேற்க முடிந்தது. போட்டிகள் நடந்துகொண்டிருந்தபோதே, பிப்ரவரி 11 அன்று அந்தத் தடை நீங்கியது. தொடக்க விழா முடிந்து சில நாட்களே ஆகியிருந்தன. 2022இல் பெய்ஜிங்கில் இந்தியாவின் ஒரே வீரர் குல்மார்க்கைச் சேர்ந்த ஆரிஃப் கான். அரசுகளுக்கிடையே எழுந்த பிரச்சினை காரணமாகத் தூர்தர்ஷன் அந்தத் தொடக்க விழாவை நேரலையாக ஒளிபரப்பவில்லை. அவர் கொடி ஏந்தி நடந்த அந்தச் சில நொடிகள், சொந்த நாட்டின் பொதுத் தொலைக்காட்சியிலேயே இடம்பெறாமல் போயின.

சங்கங்களின் பூசலையோ அரசுகளின் பகையையோ உங்களால் தீர்க்க முடியாது. ஆனால் உங்கள் கையில் இருப்பவற்றைச் செய்யலாம். எத்தனை வீரர்கள் வந்தாலும் ஒவ்வொரு நாட்டுக்கும் குறைந்தபட்ச நேரம் ஒன்றை நிர்ணயுங்கள். அந்த நேரம் முழுவதும் கொடி ஏந்துபவரின் முகம் திரையில் இருக்கட்டும். அவர் பெயரை எப்படி உச்சரிக்க வேண்டும் என்று அவரிடமே கேட்டுப் பதிவு செய்து, அறிவிப்பாளருக்கு அதைப் போட்டுக் காட்டுங்கள். அவர் எந்த ஊரில், எந்தப் பனியில் பயிற்சி செய்தார் என்ற ஒற்றை வரியை ஒளிபரப்பாளர்கள் அனைவருக்கும் முன்கூட்டியே கொடுங்கள். தனியாக வரும் வீரருடன் அவர் பயிற்சியாளரும் நடந்து வர இடம் இருக்கட்டும்.

இசையைப் பற்றியும் சொல்ல வேண்டும். குளிர் முதலில் தாக்குவது அதைத்தான். உறைகுளிரில் ஊதுகருவிகளின் அழுத்துவிசைகள் இறுகிவிடும், நரம்புக் கருவிகளின் சுதி மாறிவிடும், மரக்கருவிகள் வெடித்தும் போகலாம். எங்கள் ஊர் ஊதுகுழல் குழுவினர் தங்கள் கருவியின் வாய்ப்பகுதியைத் தனியே கழற்றிக் கையுறைக்குள் வைத்துச் சூடாக்கிக்கொண்டிருந்து, வாசிக்க வேண்டிய நொடியில்தான் பொருத்துவார்கள். இல்லாவிட்டால் உலோகம் உதட்டில் ஒட்டிக்கொள்ளும். அதனால் பெரிய விழாக்களில் இசையை முன்பே பதிவு செய்துவிடுவதை நான் குறை கூறவில்லை. 2006இல் டூரினில் இத்தாலியப் பாடகர் லூச்சானோ பவரோட்டி பாடியதாக உலகம் கண்ட பாடலும் முன்பே பதிவு செய்யப்பட்டதுதான். உடல் நலிந்திருந்த அவருக்கு அந்த இரவின் குளிரில் வேறு வழி இருந்திருக்காது. ஆனால் அவ்வாறு செய்யும்போது, அது பதிவு என்பதைப் பார்வையாளர்களுக்குச் சொல்லிவிடுவதுதான் மரியாதை. அத்துடன் ஒரே ஒரு பாடலாவது, அல்லது ஆல்பர்வில்லில் நடந்ததுபோல ஒரே ஒரு குரலாவது, அந்தக் காற்றில் அந்த நொடியில் பிறந்ததாக இருக்கட்டும். அது சற்று நடுங்கினாலும் பரவாயில்லை.

தவறு நேரும்போது என்ன செய்வது என்பதையும் இப்போதே முடிவு செய்துகொள்ளுங்கள். 2010இல் வான்கூவரில் கொப்பரையின் நான்கு தூண்களில் ஒன்று எழவில்லை. அதை ஏற்ற வேண்டிய கத்ரியோனா லெ மே டோன் எரியும் தீப்பந்தத்துடன் ஏற்ற முடியாமல் நின்றார். நிறைவு விழாவில் அந்தத் தூணை எல்லோர் கண்ணெதிரிலும் எழச் செய்து, அவரையே அழைத்து ஏற்றவைத்தார்கள். 2014இல் சோச்சியில் ஐந்து பனித்துகள் வடிவங்களில் ஒன்று ஒலிம்பிக் வளையமாக விரியாதபோது, ரஷ்யத் தொலைக்காட்சி ஒத்திகையில் எடுத்த படத்தை அந்த இடத்தில் செருகி ஒளிபரப்பியது. தயாரிப்பாளரே பின்னர் அதை ஒப்புக்கொண்டார். மைதானத்தில் இருந்தவர் கண்டது ஒன்று, வீட்டில் இருந்தவர் கண்டது இன்னொன்று. நீங்கள் வான்கூவர் வழியைப் பின்பற்ற வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். சாகசக் காட்சிகள் குறித்தும் ஒரு சொல்: 1994இல் லில்லஹாமரில் சுடருடன் பனித்தாவல் மேடையிலிருந்து பாய்வதற்காகத் தேர்ந்தெடுக்கப்பட்ட ஓலே குன்னார் ஃபிட்யெஸ்டோல் ஒத்திகையில் காயமடைந்தார், அவருக்குப் பதிலாக ஸ்டெய்ன் க்ரூபன் பாய்ந்தார். அந்தப் பாய்ச்சல் அழகானதுதான். ஆயினும் தொடக்க விழாவுக்காக எவரும் காயமடைவதை என்னால் ஏற்க முடியவில்லை.

வான்கூவரின் அந்த நாளைப் பற்றிப் பேசும்போது நோதார் குமரிதாஷ்விலியை நினைக்காமல் கடக்க முடியாது. ஜார்ஜியாவைச் சேர்ந்த அந்த 21 வயது லூஜ் வீரர், தொடக்க விழா நடக்கவிருந்த அதே நாளில் பயிற்சியில் உயிரிழந்தார். அவர் தோழர்கள் கறுப்புப் பட்டை அணிந்து அணிவகுப்பில் வந்தபோது அரங்கமே எழுந்து நின்றது. சில மணி நேரத்தில் விழாவை அவர் நினைவுக்கு உரியதாக மாற்றிக்கொள்ள அமைப்பாளர்களால் முடிந்தது. நொடிக்கு நொடி இறுக்கிக் கட்டப்பட்ட நிகழ்ச்சி நிரலில் துக்கத்துக்கு இடம் இருக்காது. உங்கள் நிரலில் நெகிழ்வு இருக்கட்டும்.

மைதானம் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பியோங்சாங்கில் 35,000 பேர் அமரக்கூடிய கூரையில்லாத மைதானத்தைக் கட்டி, ஒலிம்பிக், பாராலிம்பிக் இரண்டின் தொடக்க, நிறைவு விழாக்களுக்கு மட்டும் பயன்படுத்திவிட்டுப் பிரித்துவிட்டார்கள். பார்வையாளர்களுக்குப் போர்வை, வெப்பப் பொதி, தொப்பி எல்லாம் வழங்க வேண்டியிருந்தது. அந்தத் தவறு உங்களுக்கு வேண்டாம். இருக்கிற மைதானத்தையோ ஊர்ச் சதுக்கத்தையோ பயன்படுத்துங்கள். அனுமதிச் சீட்டின் விலையிலும் கவனம் தேவை. 2026இல் சான் சீரோ விழாவுக்கு முதலில் அறிவித்த மிகக் குறைந்த விலையே 260 யூரோ. அதற்கு மாறாகப் பாரிஸில், 2,700 யூரோ வரை விலை வைத்திருந்தாலும், சேன் நதியின் மேல் கரையில் இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டோர் இலவசமாகப் பார்க்க வழி செய்தார்கள். இரவெல்லாம் சறுக்குத் தளத்தைச் சமன்செய்யும் வண்டி ஓட்டுநர், பனிச்சரிவு அபாயத்தைக் கண்காணிக்கும் மீட்புப் பணியாளர், விடுதியில் துணி துவைக்கும் பருவகாலத் தொழிலாளி ஆகியோருக்கு அந்த மைதானத்தில் இடம் இல்லையென்றால், மலையே தன் விழாவுக்கு வெளியே நிற்பதாகத்தான் ஆகும்.

அலங்காரத்துக்காகச் செயற்கைப் பனி வேண்டாம். மெர் தெ கிளாஸ் பனியாறு ஆண்டுதோறும் தாழ்ந்துபோவதை ஷாமொனி மக்கள் கண்ணால் பார்க்கிறார்கள். அதை அடைவதற்கான படிகளைப் பல ஆண்டுகள் கூட்டிக்கொண்டே போக வேண்டியிருந்தது. மழை பெய்தால் மழையிலும், பனி இல்லாவிட்டால் பனி இல்லாமலும் விழா நடக்கட்டும். சுடருக்கும் அப்படியே: பெய்ஜிங்கில் கடைசித் தீப்பந்தத்தையே கொப்பரையாக வைத்தார்கள், பாரிஸில் எரிபொருள் இல்லாமல் மின்னொளியாலும் நீர்த்திவலைகளாலும் கொப்பரையை அமைத்தார்கள். அந்த வழியிலிருந்து பின்வாங்காதீர்கள்.

மார்ச் மாதத்தில் நடக்கவிருக்கும் பாராலிம்பிக் தொடக்க விழாவை இதனுடன் சேர்த்தே திட்டமிட வேண்டும். சக்கர நாற்காலியில் இருப்பவருக்குப் பனி மூடிய தரை என்பது ஒவ்வொரு அடியிலும் தடை; கால் அசைவில்லாத உடல் குளிரை உணரும் விதமும் வேறு, உறைவதைத் தாமதமாகவே அறிய நேரும். எனவே முதல் விழாவுக்கு ஒரு மேடையை அமைத்துவிட்டு, பிறகு அதில் சாய்தளத்தை ஒட்டவைக்காதீர்கள். சாய்தளத்தையே எல்லோரும் நடந்து வரும் பிரதான வழியாக முதலிலேயே அமைத்துவிடுங்கள். ஒலிம்பிக் வீரர்களும் அதிலேயே வரட்டும்.

உங்கள் குழுவின் தலைவராகப் பொறுப்பேற்ற எட்கார் குரோஸ்பிரோன் 1992இல் சொந்த மண்ணில் மொகுல்ஸ் (மேடுபள்ளமான பனியில் சறுக்கும்) போட்டியில் தங்கம் வென்றவர். பந்தயத்துக்கு முந்தைய இரவில் ஒரு வீரரின் உடலுக்கு என்ன தேவை என்பதை அவருக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. அதனால்தான் கடைசியாக ஒரு நடைமுறைக் கோரிக்கையை அவர் பெயருக்கே வைக்கிறேன்.

2029 பிப்ரவரி முதல் வாரத்தில், விழா நடக்கவிருக்கும் அதே இடத்தில், அதே நேரத்தில், முழு நீள ஒத்திகை ஒன்றை நடத்துங்கள். நடனக் கலைஞர்களை மட்டும் வைத்து நடத்தாமல், வட்டாரச் சங்கங்களைச் சேர்ந்த பெரியவர்கள் சிலரை வீரர்களின் இடத்தில், வீரர்களின் சீருடையோடு நிறுத்துங்கள். பேருந்தில் ஏறியதிலிருந்து திரும்பி வந்து காலணியைக் கழற்றும்வரை ஆகும் நேரத்தையும், வழியில் ஒவ்வோர் இடத்திலும் நிலவும் வெப்பநிலையையும் பதிவு செய்து, அந்தக் கணக்கை வெளியிடுங்கள். விழாக் குழுவினரும் சிறப்பு விருந்தினர் மாடத்தில் அமராமல் அன்று அந்த வரிசையிலேயே நிற்க வேண்டும். அந்த ஒத்திகைக்கு ஆட்கள் தேவைப்பட்டால், எங்கள் பள்ளத்தாக்கின் தன்னார்வலர்களில் பலர் வரத் தயாராக இருக்கிறார்கள், நானும் வருவேன்.

உங்கள் பதிலை எதிர்நோக்குகிறேன்.

மரியாதையுடன்,
இசேர் பள்ளத்தாக்கில் வாழும் ஒரு தமிழ்த் தன்னார்வலர்